இரண்டாவது கையெழுத்து

ஜனவரி 8, திங்கள்

இன்று இருந்தவர்கள்: நான். மருமகள் ராஜகனி. தென்காசி வக்கீலின் புதுக் குமாஸ்தா தாணுமூர்த்தி. முடுக்கு வாயில் இரும்புக் கேட்டைப் பிடித்துக்கொண்டு நின்ற தங்கமாரியப்பன். சுவருக்கு அந்தப் பக்கம் பூலம்மாள். இருமல் கேட்டது, அதனால் இருந்தாள். அவளுடைய ஆடு கருப்பாயி. என் கோழி.

எல்லாரையும் எழுதிவிட்டேன். நாளைக்கு ஒருத்தரும் நான் அங்கே இல்லை என்று மாற்றிப் பேச முடியாது.

இந்த டைரி குமாஸ்தா கொடுத்தது. வக்கீல்கள் வைத்துக்கொள்வதாம், வழவழ என்று இருக்கிறது. "வாய்தா தேதியெல்லாம் இதுல குறிச்சு வச்சுக்கிடுங்க ஆச்சி, மறந்துராது" என்றார். மறப்பதா, நானா? ஐந்தாம் வகுப்போடு என்னைப் பள்ளிக்கூடத்திலிருந்து நிறுத்திய அன்று டீச்சர் கட்டியிருந்த சேலை வாடாமல்லி நிறம். இருந்தாலும் வாங்கிக்கொண்டேன். சும்மா வருவதை விடுவானேன்.

வழக்கு இதுதான். எங்கள் இரண்டு வீட்டுக்கும் தெருவுக்குப் போக ஒரே வழி முடுக்கு. நாலடி அகலம், நாற்பதடி நீளம். வீட்டுக்குப் பின்னால் ஓடை. முன்வீட்டை வாங்கி எலுமிச்சங்காய் குடோன் போட்ட தங்கமாரியப்பன், முடுக்கு தன்னுடையது என்கிறான். உள்ளூர்க் கோர்ட்டில் எங்களுக்கு என்று சொன்னார்கள். தென்காசிக் கோர்ட்டில் அவனுக்கு என்று சொன்னார்கள். இப்போது மதுரைப் பெரிய கோர்ட்டுக்கு மேல்முறையீடு. முதல் பெயர் என்னுடையது. இரண்டாவது பெயர் பூலம்மாள், என் கொழுந்தன் பெண்டாட்டி, என் ஓரகத்தி.

அனுப்பிய தாள்களைக் கோர்ட்டில் திருப்பிவிட்டார்களாம். இரண்டு குறை. பழைய தீர்ப்பின் நகலில் ஒரு பக்கம் எழுத்து விளங்கவில்லை. அதைத் தான் பார்த்துக்கொள்வதாகக் குமாஸ்தா சொன்னார். இன்னொன்று, வக்கீலுக்கு அதிகாரம் கொடுக்கிற வக்காலத்துத் தாளில் பூலம்மாள் கையெழுத்து இல்லை.

"பக்கத்து வீட்டு அம்மா இருக்காங்களா ஆச்சி? கையோட வாங்கிட்டுப் போயிருவேன்."

"ஆடு மேய்க்கப் போயிருக்கா" என்றேன்.

அந்த நேரம் பார்த்து அவள் இருமினாள். ராஜகனி என்னைப் பார்த்தாள். நான் முருங்கை மரத்தைப் பார்த்தேன்.

"சரி, தாளை நீங்களே வச்சுக்கிடுங்க. ஒரே செவுருதான? வாங்கி அனுப்பி விட்ருங்க" என்று கொடுத்துவிட்டுப் போனார். செத்துப்போன பழைய குமாஸ்தா என்றால் எதுவும் கேட்காமல் இரண்டு வாசலிலும் தனித்தனியாகச் செருப்பைக் கழற்றுவார். இவருக்கு என்ன தெரியும்.

ஜனவரி 9, செவ்வாய்

தாள் டிரங்குப் பெட்டியில் பத்திரம்.

ஜனவரி 15, பொங்கல்

பால் கிழக்குப் பக்கம் பொங்கியது. பேத்தி நர்சிங் காலேஜிலிருந்து வந்திருக்கிறாள். மகன் லாரியோடு நாசிக்கில் இருக்கிறான்.

பூலம்மாள் வீட்டிலும் பொங்கல் வாடை வந்தது. ஏலக்காய் கூடுதல். எப்போதும் அப்படித்தான் போடுவாள்.

பதினெட்டு வருஷமாக அவளும் நானும் பேசுவதில்லை. அவசியம் என்றால் நான் கோழியிடம் சொல்வேன், அவள் ஆட்டிடம் சொல்வாள். தண்ணீர் வருவது, கரண்டுக்காரன் வருவது, அவள் புருஷன் மாடசாமிக்கு மதுரையில் ஆப்பரேஷன், அவன் அங்கேயே போய்ச் சேர்ந்தது, எல்லாம் இப்படித்தான் சுவர் தாண்டியது.

இன்றைக்கு நல்ல நாள் என்று நானே இறங்கிப் போய்ச் சொன்னேன். "ஏ கோழி, கோர்ட்டுத் தாளு வந்து கெடக்கு. கையெழுத்து போடுறதுக்கு வெத்தல பாக்கு வச்சா அழைக்கணும்? ரோசம் உள்ளவளா இருந்தா தானா வந்து போட்டுட்டுப் போவா."

அந்தப் பக்கம் பானை மூடியை வைக்கிற சத்தம். பிறகு, "ஏ கருப்பாயி, நம்மள யாரும் பேரு சொல்லிக் கூப்புட்டாகளா? கூப்புடாத வீட்டுல போயி நிக்க நமக்கென்ன கிறுக்கா?"

பேத்தி வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். "ஆச்சி, ஒங்க ரெண்டு பேருக்கும் இந்தக் கோழியும் ஆடும்தான் வக்கீலு."

பெயர் சொல்லிக் கூப்பிட வேண்டுமாம். எப்படி இருக்கிறது கதை.

பிப்ரவரி 2, வெள்ளி

குமாஸ்தா போன். "ஆச்சி, அந்த ரெண்டாவது கையெழுத்து?"

"வரும்."

"குடுத்த நாள் முடிஞ்சிருச்சு. நாள் கேட்டு ஒரு மனு போட்டுருக்கோம்."

"போடுங்க."

குடோனில் காய் பொறுக்கப் போனேன். பழுத்தது தனி, கரும்புள்ளி விழுந்தது தனி. எதிரியின் குடோனில் வேலை செய்கிறாயே என்று ஊரில் கேட்கிறார்கள். காய் என்ன பாவம் செய்தது?

ஏன் பேசுவதில்லை என்று பேத்தி பொங்கலன்றே கேட்டாள். சொல்லவில்லை. இங்கே எழுதுகிறேன். ஐப்பசி பதினொன்று, வெள்ளிக்கிழமை, என் வீட்டுக்காரர் வெள்ளைத்துரை செத்துப்போனார். மத்தியானம் மூன்று மணிக்கு முடுக்கு வழியாக அவரைத் தூக்கிக்கொண்டு போனார்கள். ஊரே நின்றது. தங்கமாரியப்பனின் அப்பாகூடத் துண்டை இடுப்பில் கட்டிக்கொண்டு நின்றார். பூலம்மாள் வீட்டுக் கதவு மட்டும் சாத்தியிருந்தது. பச்சைக் கதவு. உள்ளே தாழ்ப்பாள். கூடப் பிறந்த அண்ணன் போகிறார், மாடசாமி தோள் கொடுத்து நடக்கிறான், அவன் பெண்டாட்டி கதவைத் திறக்கவில்லை. பதினாறாம் நாளுக்கும் வரவில்லை.

அதற்கு முந்தைய வெள்ளிக்கிழமை குழாயடியில் குடத்துக்காக ஒரு பேச்சு நடந்தது. அது சின்னப் பேச்சு. எழுத இந்தப் பக்கத்தில் இடமில்லை.

பிப்ரவரி 20, செவ்வாய்

நானே தென்காசிக்குப் போனேன். பஸ்ஸில் நின்றுகொண்டே. குமாஸ்தா நல்ல மாதிரித்தான் பேசினார், ஆனால் பேசியது நல்லதில்லை.

"ஆச்சி, அந்த அம்மா போட மாட்டேங்கிறாங்கன்னா ஒரு வழி இருக்கு. அவங்கள மேல்முறையீட்டுலருந்து எடுத்துட்டு எதிர்தரப்புல சேத்துறலாம். ஒங்க ஒரு கையெழுத்து போதும். கேசு ஓடும்."

"எதிர்தரப்புன்னா?"

"தங்கமாரியப்பன் ஒண்ணாவது எதிர்மனுதாரர், இவங்க ரெண்டாவது."

நான் எழுந்து நின்றுவிட்டேன். "ஏய்யா, அந்தக் களவாணிப் பய பேருக்குக் கீழ என் ஓரகத்தி பேரா? அவ இந்த முடுக்கு வழியா குத்துவெளக்கோட வந்தவய்யா. நானே ஆரத்தி எடுத்தேன். அவள எதிரின்னு எழுதவா ஒங்ககிட்ட வந்தேன்?"

"அப்ப கேட்டு வாங்கிருங்க ஆச்சி. நேர்ல ஒரு வார்த்த."

"அதெல்லாம் வரும்" என்று சொல்லிவிட்டுப் பஸ் ஏறினேன்.

மார்ச் 11, திங்கள்

வழக்கு நீதிபதி முன்னால் வந்ததாம். வழக்கு என்று சொல்வதற்கில்லை, இன்னும் நம்பரே விழவில்லை. குறையோடு கிடக்கிற தாள்கள் என்று வந்ததாம். இன்னும் இரண்டு வாரம், அதுதான் கடைசி என்று சொல்லிவிட்டாராம். மார்ச் 25.

சாயங்காலம் சுவரோரம் போய் நின்றேன். சத்தமாகத்தான் சொன்னேன், ஊருக்கே கேட்டிருக்கும். "ஏ கோழி, நல்லா கேட்டுக்க. இருபத்தஞ்சாந் தேதிக்குள்ள போடலன்னா கேசு போச்சு. முடுக்கு போச்சு. பெறகு ஓட வழியாத்தான் போவணும். சொல்லலன்னு ஒருத்தியும் சொல்லப்படாது."

ஆடு கத்தியது. அவள் பேசவில்லை. அழுத்தம்.

சொல்லியாகிவிட்டது. என் பக்கம் தப்பில்லை.

மார்ச் 16, சனி

தாளை டிரங்குப் பெட்டியிலிருந்து எடுத்துத் துடைத்து நடுவீட்டு மேஜையில் வைத்தேன். மேலே ஒரு பேனா. வாசல் கதவையும் திறந்து வைத்தேன். கோழி வந்து மேஜைக்கு அடியில் எச்சம் போட்டது. வேறு யாரும் வரவில்லை.

மார்ச் 25, திங்கள்

ஊறுகாய்க்கு இருநூறு காய் நறுக்கினேன். விரல் எரிகிறது. போன் வரவில்லை.

மார்ச் 28, வியாழன்

தள்ளுபடி.

குமாஸ்தா அனுப்பியதை ராஜகனி போனில் வாசித்து அர்த்தம் சொன்னாள். பல முறை வாய்ப்புக் கொடுத்தும் குறைகளைச் சரிசெய்யவில்லை, ஆகவே தள்ளுபடி. நாலு வரி. முடுக்கு யாருடையது என்று அதில் ஒரு சொல் இல்லை. பதினாலு வருஷம் நடந்த வழக்கு, பெயர் வைப்பதற்குள் போன பிள்ளை மாதிரிப் போனது.

"அத்த, ஒரு வார்த்த நீங்க கேட்டுருக்கலாம்" என்றாள் ராஜகனி.

"ஒஞ்சோலியப் பாரு."

மன்னிக்கக் கூடாதவர்களை எழுதுகிறேன். தங்கமாரியப்பன். குமாஸ்தா தாணுமூர்த்தி, வாசல் வரை வந்தவருக்குப் பக்கத்து வாசல் போகக் கால் இல்லை. ஒருநாளும் முகம் காட்டாத மதுரை வக்கீல். அந்த நீதிபதி. ராஜகனி, இன்றைக்கு மட்டும். பூலம்மாள். பூலம்மாள். இரண்டு தடவை எழுதியது தெரிந்துதான்.

ஏப்ரல் 3, புதன்

தங்கமாரியப்பன் கேட்டுக்குப் பூட்டுப் போட்டுவிட்டான். "கோர்ட்டே சொல்லிருச்சு பெரியம்மா, நான் என்ன செய்ய" என்று சிரிக்கிறான். இனி ஓடைக்கு மேல் கிடக்கிற கல்பாலம்தான். ஒற்றைக் கல், நடுவில் சாய்வு. நான் உட்கார்ந்து உட்கார்ந்து கடந்தேன். எனக்குப் பின்னால் பூலம்மாள் ஆட்டோடு வந்தாள். நான் இந்தக் கரையில் ஏறும்வரை அந்தக் கரையில் நின்று பார்த்துக்கொண்டே இருந்தாள். நான் திரும்பியதும் ஆட்டைத் திட்டினாள்.

அவள் கல்லைத் தாண்டும்வரை நானும் செருப்பு வாரைச் சரிசெய்துகொண்டு நின்றேன். வார் அறுந்திருந்தது. சும்மா நிற்கவில்லை.

ஏப்ரல் 16, செவ்வாய்

விரலில் துணி சுற்றியிருக்கிறது. ஆனாலும் எழுதுகிறேன்.

காலை ஏழு மணிக்குக் கருப்பாயி கத்த ஆரம்பித்தது. நிறுத்தவில்லை. "ஏ சனியனே" என்ற சத்தம் வரும் என்று பார்த்தேன், வரவில்லை. சுவரோரம் போய், "ஏ கோழி, அங்க என்ன சத்தம்?" என்றேன். ஆடுதான் கத்தியது. இன்னொரு தடவை கேட்டேன். பிறகு என் வாயிலிருந்து தானாக வந்தது.

"பூலம்மா! எட்டி பூலம்மா!"

ராஜகனி சுவர் ஏறிக் குதித்தாள். ஆட்டுத் தொட்டி பக்கம் பூலம்மாள் கிடந்தாள். வாய் ஒரு பக்கம் இழுத்திருந்தது. கண் திறந்திருந்தது, என்னைத் தேடியது.

ஆம்புலன்ஸ் இருபது நிமிஷத்தில் தெருவுக்கு வந்துவிட்டது. கேட்டுக் கம்பி வழியாகப் பார்த்தால் தெரிகிறது, வெள்ளை வண்டி, மேலே விளக்குச் சுற்றுகிறது. நாற்பதடி. கேட்டை உலுக்கினேன். வாட்ச்மேன், "சாவி மொதலாளிட்ட இருக்கு ஆச்சி, அவரு திருச்செந்தூர் போயிருக்காரு" என்று அழுகிற மாதிரிச் சொன்னான். பூட்டில் கல்லை எடுத்து அடித்தேன். என் நகம்தான் பெயர்ந்தது.

குடோனில் மூட்டை தூக்குகிற நாலு பேர் சுற்றி வந்து, அவளைப் பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார வைத்துச் சேலையால் கட்டி ஓடையில் இறக்கினார்கள். கல்மேல் நாற்காலி போகாது, தண்ணீரில்தான் இறங்க வேண்டும். முட்டளவு சாக்கடை. நான் பின்னால் நடந்து அவள் தலையைப் பிடித்துக்கொண்டேன். பதினெட்டு வருஷத்தில் அவள் தலைமுடி முழுக்க நரைத்துவிட்டது. பக்கத்தில் பார்த்தால்தான் தெரிகிறது.

தென்காசி பெரியாஸ்பத்திரியில் டாக்டர் கேட்டது: "ஏன் இவ்வளவு நேரம்? அரை மணி முந்தி வந்திருந்தா வலது கையக் காப்பாத்திருக்கலாம்."

சேலைக் கரையைப் பிழிந்தேன், சாக்கடைத் தண்ணீர் சொட்டியது.

ஏப்ரல் 17, புதன்

மாற்றுச் சேலை எடுக்கப் பூலம்மாள் வீட்டுக்குள் போனேன். பச்சைக் கதவு. பதினெட்டு வருஷத்துக்குப் பிறகு.

நாட்காட்டி மாட்டிய ஆணியில் ஒரு புதுப் பேனா நூல் கட்டித் தொங்கியது. மூடிகூடத் திறக்கவில்லை. "இவங்களுக்கு எதுக்கு அத்த பேனா? என்னத்த எழுதப் போறாங்க?" என்று ராஜகனி கேட்டாள்.

சேலையை மடித்துப் பையில் வைத்தேன். ஆட்டுக்குத் தண்ணீர் காட்டினேன்.

ஏப்ரல் 20, சனி

அவளுடைய மகன் திருப்பூரிலிருந்து வந்து மாத்திரை வாங்கப் போயிருந்தான். நான் கஞ்சி கொடுத்தேன். பேச்சுக் குழறுகிறது, ஆனால் விளங்குகிறது.

"அக்கா. அந்தத் தாளு?"

"போச்சு. தள்ளுபடி ஆயிருச்சு. கடைசித் தேதிய அவ்ளோ சத்தமா சொன்னேன்லா, நீ வாயத் தொறக்கல."

"என்னைக்கு?"

"மார்ச்சு பதினொண்ணு, திங்கக்கெழம. சாயந்தரம் அஞ்சு மணி."

யோசித்தாள். "அன்னைக்கு நான் ரேசன் கடைக்குல்லா போயிருந்தேன். ஆடு மட்டும்தான் கெடந்துச்சு."

கஞ்சிக் கிண்ணத்தைக் கீழே வைத்தேன். சிரிப்பு வந்தது அவளுக்கு, பாதி வாயில். "ஆட்டுக்கிட்ட சொல்லிட்டு வழக்க விட்டுட்டியேக்கா."

எனக்குச் சிரிப்பு வரவில்லை. பதினெட்டு வருஷமாகத் தொண்டையில் இருந்ததைக் கேட்டுவிட்டேன். "அவரு போன அன்னைக்கு ஏன்ட்டி கதவத் தொறக்கல?"

இடது கையால் என் மணிக்கட்டைப் பிடித்தாள்.

"ஒனக்கு நெசமாவே ஞாபகம் இல்லியா? எல்லாம் ஞாபகம் வச்சிருப்பியே."

"என்னத்த?"

"குழாயடியில நீ சொன்னது. 'என் தாலி அறுந்தாலும் நீ என் வாசல்ல வந்து நிக்கப்படாது'ன்னு. அடுத்த வெள்ளிக்கெழம அறுந்துருச்சேக்கா. நான் வந்து நின்னா என் மூஞ்சியப் பாக்கையில எல்லாம் ஒனக்கு அந்தச் சொல்லுதான ஞாபகம் வரும்? நம்ம வாயாலதான் போனாருன்னு நீ ஒடைஞ்சு போவேன்னு பயந்தேன். அதான் தாழ்ப்பா போட்டேன். உள்ள ஒக்காந்து அழுதேன். ஒனக்குக் கேக்கப்படாதுன்னு தலகாணிய வாயில வச்சுக்கிட்டேன்."

வார்டில் மின்விசிறி சத்தம். எனக்கு ஞாபகம் இருந்தது. சிவப்புக் குடம், வாய் நெளிந்தது. நான் சொன்ன சொல், சொன்ன தொனி, சொல்லிவிட்டு முந்தியை உதறியது. எல்லாம் இருந்தது. எடுத்துப் பார்க்காமல் வைத்திருந்தேன்.

"நீ கூப்புடுவேன்னு பாத்தேன்" என்றாள். "பொங்கலுக்குப் பெறகு பேனா வாங்கி வச்சேன்."

ஏப்ரல் 24, புதன்

இருந்தவர்கள்: நான். பூலம்மாள். அவள் மகன். குமாஸ்தா தாணுமூர்த்தி, இந்தத் தடவை கட்டில் வரை வந்தார். சாட்சிக் கையெழுத்துக்கு டியூட்டி டாக்டரம்மா.

தள்ளுபடியை ரத்துசெய்து வழக்கை மறுபடி எடுக்கச் சொல்லி மனுப் போடலாமாம். எடுப்பார்களா என்று தெரியாது. ஏன் தாமதம் என்று நான் சத்தியம் செய்து எழுதிக் கொடுக்க வேண்டும். குமாஸ்தா தயாராகவே கொண்டுவந்திருந்தார். வாசித்தார்: "இரண்டாவது மேல்முறையீட்டாளர் பக்கவாதத்தால் படுத்த படுக்கையாக இருந்தபடியால்..."

"நிறுத்துங்க. அவ விழுந்தது ஏப்ரல் பதினாறு. தள்ளுபடி மார்ச்சுலயே ஆயிருச்சு."

"ஆஸ்பத்திரிச் சீட்டு இருக்கு ஆச்சி, நோவுன்னா கோர்ட்டு எரக்கப்படும். தேதிய யாரு துருவப் போறா?"

"எனக்குத் தேதி தெரியுமே. அவ நோவ நான் தின்னவா? மாத்தி எழுதுங்க."

"என்னன்னு?"

சொன்னேன். அவர் பேனாவைப் பிடித்துக்கொண்டு என்னைப் பார்த்தார். பிறகு எழுதினார். தாள் ஜனவரி எட்டாம் தேதியே முதல் மேல்முறையீட்டாளர் கையில் கிடைத்தது. இரண்டாவது மேல்முறையீட்டாளர் கையெழுத்துப் போடத் தயாராக இருந்தார். முதல் மேல்முறையீட்டாளர் அவரிடம் கேட்கவில்லை.

"இதப் படிச்சா ஜட்ஜு தூக்கி எறிஞ்சாலும் எறிஞ்சுருவாரு ஆச்சி."

"எறிஞ்சா எறியட்டும். இதுல கொறை இருக்காது."

என் கையெழுத்தைப் போட்டேன். வக்காலத்துத் தாளில் இரண்டாவது இடம் காலியாக இருந்தது. பூலம்மாளுக்கு வலது கை எழவில்லை. முன்பு இரண்டு கோர்ட்டிலும் முத்து முத்தாகக் கையெழுத்துப் போட்டவள். எட்டாம் வகுப்பு, என்னைவிட மூன்று கூடுதல். ரேகைதான் வைக்க வேண்டும். "முந்தி கையெழுத்து, இப்ப ரேகை. இதையும் ஒரு கொறைன்னு திருப்புவாங்க, பாத்துக்கிடலாம்" என்று குமாஸ்தா மைப்பெட்டியைத் திறந்தார்.

அவள் பெருவிரலை நான்தான் பிடித்தேன். கனமாக இருந்தது, அவளுடையது இல்லாதது மாதிரி. மையில் தோய்த்து, தாளில் வைத்து, என் விரலால் அழுத்தினேன்.

"நேரா விழுந்துச்சாக்கா?"

"நேரா விழுந்துருக்கு."

வீட்டுக்கு ஓடை வழியாகத்தான் வந்தேன். கேட் பூட்டியே இருக்கிறது. கருப்பாயியை இந்தப் பக்கம் கட்டியிருக்கிறேன், கோழிக்குப் பிடிக்கவில்லை.

மார்ச் மாதம் எழுதிய பெயர்களை எடுத்துப் பார்த்தேன். வக்கீல், குமாஸ்தா, நீதிபதி, ராஜகனி, எல்லாரையும் அடித்துவிட்டேன். பூலம்மாளை இரண்டு தடவை அடித்தேன். தங்கமாரியப்பன் பெயரில் பேனாவை வைத்தேன். பூட்டு அவனுடையது, அதை மறக்க மாட்டேன். ஆனால் அவன் எதிரி. எதிரி செய்வதைச் செய்தான். அவனுக்குக் கோர்ட் இருக்கிறது. அவனையும் அடித்தேன்.

மன்னிக்க முடியாத பெயர் ஒன்றுதான் மிச்சம். அது அந்தப் பட்டியலிலேயே இல்லை. கோர்ட்டில் எழுதுகிற மாதிரியே முழுசாக எழுதி வைக்கிறேன், பின்னால் யாரும் மாற்றிச் சொல்லக் கூடாது: சண்முகத்தாய், வயது 73, க/பெ காலஞ்சென்ற வெள்ளைத்துரை, முதல் மேல்முறையீட்டாளர்.